சப்டைட்டிலில் சிக்காத தொத்தோ

#1 | டூரிங் டாக்கீஸ்

1958இல் வந்த 'இ சொலித்தி இன்யோத்தி' என்ற இத்தாலியப் படத்தைப் போன வாரம் மூன்றாவது தடவையாகப் பார்த்தேன். மாரியோ மோனிச்செல்லி இயக்கியது. கையாலாகாத திருடர் கூட்டம் ஒன்று அடகுக்கடைப் பெட்டகத்தை உடைக்கத் திட்டம் போடும் கதை. காஸ்மன், மஸ்த்ரோயானி என்று பெரிய பெரிய ஆட்கள் நடித்த படம். ஆனால் நடுவில் சில நிமிஷங்களுக்கு ஒரு கிழவர் வருகிறார். துணி காயும் மொட்டை மாடியில் நின்று, இரும்புப் பெட்டியை எப்படித் திறப்பது என்று இவர்களுக்குப் பாடம் எடுக்கிறார். கல்லூரிப் பேராசிரியர் தோற்றார், அவ்வளவு கௌரவம். நடுவில் போலீஸ்காரர் வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போகிறார். வாத்தியார் முகத்தில் ஒரு சலனமும் இல்லை.

அவர்தான் தொத்தோ. இத்தாலிக்காரர்களுக்கு அந்த ஒரு பெயர் போதும். நம் மன்றத்தில் அவரைப் பற்றி ஒரு இழைகூட இல்லை என்பதால் நானே தொடங்குகிறேன்.

பிறந்தது 1898 பிப்ரவரி 15, நேப்பிள்ஸ் நகரத்தின் சனிதா பகுதியில். அம்மா அன்னா கிளெமெந்தே. அப்பா ஜுசெப்பே தே குர்திஸ், பிரபு குடும்பத்துப் பையன். கல்யாணம் ஆகவில்லை, அதனால் குழந்தைக்கு அம்மா பெயர்தான்: அந்தோனியோ கிளெமெந்தே. அப்பா அம்மாவை முறைப்படி மணந்தது 1921இல். அப்போது பிள்ளைக்கு இருபத்து மூன்று வயது! பாதிரியாராக்க வேண்டும் என்பது அம்மாவின் ஆசை. பள்ளியில் ஓர் ஆசிரியரோடு விளையாட்டாகக் குத்துச்சண்டை போட்டபோது விழுந்த அடியில் மூக்கு ஒரு பக்கமாகக் கோணிவிட்டது. அந்தக் கோணல் முகத்தைத்தான் பிற்பாடு இத்தாலி முழுக்க காசு கொடுத்துப் பார்த்தார்கள்.

முதல் உலகப் போரில் பட்டாளத்துக்குப் போனார். பிரான்ஸுக்குப் போகும் ரயில் கிளம்பும் நேரத்தில் வலிப்பு வந்தவர்போல விழுந்து தப்பித்தார் என்று சொல்வார்கள். அப்புறம் லிவோர்னோவில் ஒரு கார்ப்பொரல் அவரைப் படாத பாடு படுத்தியிருக்கிறான். அந்தக் கோபம் ஆறவே இல்லை. மனிதர்களில் இரண்டே ஜாதி, ஒன்று மனிதர்கள், இன்னொன்று கார்ப்பொரல்கள் என்று வாழ்நாள் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். 1955இல் அதே தலைப்பில் ஒரு படமே வந்தது.

1922 வாக்கில் குடும்பம் ரோமுக்குப் பெயர்ந்தது. ஒரு நாடகக் கம்பெனியில் சம்பளமில்லாத துணை நடிகராகச் சேர்ந்தார். வீட்டிலிருந்து கொட்டகைக்கு நகரத்தின் ஒரு கோடியிலிருந்து மறு கோடி வரை நடை. குளிர்காலம் வந்தபோது டிராமுக்காவது சில்லறை கொடுங்கள் என்று கேட்டாராம். முதலாளி அன்றைக்கே வேலையை விட்டு அனுப்பிவிட்டார்.

அடுத்து யோவினெல்லி என்ற கொட்டகையில் வாய்ப்புக் கிடைத்தது. அங்கிருந்து ஏறுமுகம்தான். அப்போதே உடுப்பு தயாராகிவிட்டது: தேய்ந்த பௌலர் தொப்பி, தொளதொள டெயில்கோட், கணுக்காலுக்கு மேலே நிற்கும் கால்சட்டை, வண்ணக் காலுறை, கழுத்தில் டைக்குப் பதிலாக ஒரு ஷூ லேஸ்.

யாராவது பார்த்திருந்தால் எழுதுங்கள்.

#2 | கரிச்சான்

நான் பார்த்திருக்கிறேன் சார், இரண்டு படம். சப்டைட்டிலோடுதான். மன்னிக்கவும், எனக்குச் சிரிப்பே வரவில்லை.

கதை என்று ஒன்றுமில்லை. தலைப்பிலேயே அவர் பெயரைப் போட்டுவிடுகிறார்கள்: தொத்தோ வீடு தேடுகிறார், தொத்தோ சைக்கிள் பந்தயத்தில், ஷேக் தொத்தோ. மொத்தம் 97 படமாம். பாதி சில வாரங்களில் எடுத்து முடித்தது என்பது பார்த்தாலே தெரிகிறது. அந்தக் காலத்து இத்தாலிய விமர்சகர்களே அவர் படங்களைத் தீண்டவில்லை என்றும் படித்தேன். இறந்த பிறகு எல்லாரையும் மேதை ஆக்கிவிடும் வழக்கம் அங்கேயும் இருக்கிறது போல.

#3 | மீனாட்சி_தெரு

தம்பி கரிச்சான், குறை உங்கள் பேரிலும் இல்லை, அவர் பேரிலும் இல்லை. சப்டைட்டில் போட்டவர் பேரில்தான்.

நான் இத்தாலிய மொழி படித்தவள், அதனால் ஒரே ஒரு காட்சியை மட்டும் எடுத்துச் சொல்கிறேன். 1956இல் வந்த 'தொத்தோ, பெப்பீனோ எ லா மலஃபெம்மினா'. அந்த ஆண்டு இத்தாலியில் அதிக வசூல் செய்த படம் அதுதான். பட்டிக்காட்டு அண்ணன் தம்பி இருவர். இவர்களுடைய அக்கா மகன் ஒரு நாடகக்காரி பின்னால் மிலானுக்குப் போய்விட்டான். பையனை விட்டுவிடு என்று அந்தப் பெண்ணுக்குக் கடிதம் எழுதிப் பணமும் வைத்து அனுப்ப வேண்டும். தொத்தோ சொல்லச் சொல்ல, பெப்பீனோ தே ஃபிலிப்போ எழுதுகிறார்.

காமிரா பெரிதாக அசையவே இல்லை. ஒரு மேஜை, ஒரு மைக்கூடு, இரண்டு ஆட்கள். பெப்பீனோ எழுதுகிற வேகத்தைப் பார்த்தால் கல் உடைப்பவர் தோற்பார், கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே இருக்கிறார். தொத்தோ முதல் வாக்கியத்திலேயே இலக்கணத்தைக் கொலை செய்கிறார். பன்மையில் தொடங்கி ஒருமைக்குத் தாவுகிறது. 'உங்களுக்குச் சொல்ல' என்பதற்கு இத்தாலிய மொழியில் 'ஆ தீர்வி' என்று இரண்டு சொல். இவர் அதை ஒரே சொல்லாக எழுதச் சொல்லி, ஒரே சொல் என்று அழுத்தியும் சொல்கிறார். பாதியில் நிறுத்தக்குறி விவகாரம் வருகிறது. முற்றுப்புள்ளி போடு, அரைப்புள்ளி போடு, இன்னொரு முற்றுப்புள்ளியும் போடு. எதற்கு இத்தனை என்று தம்பி முழிக்கிறார். இருக்கட்டும் போடு, பட்டிக்காட்டான், கஞ்சப் பயல் என்று நினைத்துவிடப் போகிறார்கள் என்கிறார் அண்ணன்.

புள்ளியைக்கூடத் தாராளமாகச் செலவழிக்கிற அந்தப் பெருமிதம்தான் நகைச்சுவையே. நீங்கள் பார்த்த சப்டைட்டிலில் என்ன இருந்திருக்கும்? பிழையே இல்லாத ஒரு கடிதம் ஓடியிருக்கும். எப்படிச் சிரிப்பு வரும்?

அதே படத்தில் மிலானில் பனிமூட்டம் பற்றி ஒரு பேச்சு. பனிமூட்டம் இறங்கினால் எதுவுமே தெரியாது என்கிறார் ஊர்க்காரர். எதுவுமே தெரியாதென்றால் பனிமூட்டம் இருக்கிறது என்பது மட்டும் எப்படித் தெரியும் என்பது இவர்களுடைய சந்தேகம். இது எந்த மொழியிலும் நிற்கும். இப்படிப்பட்டவை குறைவு என்பதுதான் வெளிநாட்டில் அவர் எடுபடாமல் போனதற்குக் காரணம்.

#4 | பலெர்மோவாசி

வணக்கம். நான் சிசிலியில் பலெர்மோவில் இருக்கிறேன், யாழ்ப்பாணத்து ஆள். இங்கே தமிழர் கொஞ்சப் பேர் இல்லை, ஆயிரக்கணக்கில் இருக்கிறோம். நான் ஒரு முதியவரை வீட்டோடு இருந்து பார்த்துக்கொள்கிற வேலை செய்கிறேன். என் இத்தாலிய மொழியில் பாதி, பின்னேரங்களில் அந்த ஐயாவோடு இருந்து பார்த்த தொத்தோ படங்களில் படித்தது. தொலைக்காட்சியில் ஓயாமல் போடுவார்கள். ஐயாவுக்கு மருந்துப் பெயர் மறந்து போகும், தொத்தோவின் வசனம் மறக்காது. திரையில் வர ஒரு விநாடி முன்னால் இவர் சொல்லிவிடுவார்.

நான் எழுத வந்தது வேறு விஷயம். எங்கள் வீட்டிலிருந்து நடந்து போகிற தூரத்தில் பொலித்தெயாமா அரங்கம் இருக்கிறது. தொத்தோவுக்குக் கண் போனது அங்கேதான்.

1956 கடைசியில், பல வருட இடைவெளிக்குப் பிறகு அவர் மேடைக்குத் திரும்பினார். 'ஆ பிரெஷீந்தெரே' என்ற ரெவ்யூ, அதாவது பாட்டும் துணுக்குமாக நடக்கும் மேடை நிகழ்ச்சி. அது அவருடைய வாய்ச்சொல்தான், 'அது ஒருபுறமிருக்க' என்ற மாதிரி. எதை விட்டு ஒருபுறமிருக்க என்று சொல்லவே மாட்டார், வெறுமனே 'ஒருபுறமிருக்க' மட்டும்தான். ஊர் ஊராகப் போகும்போது கடுமையான சளிக்காய்ச்சல் வந்து நெஞ்சைப் பிடித்தது. மருத்துவர்கள் ஓய்வு எடுக்கச் சொன்னார்கள். கம்பெனி நின்றால் அத்தனை பேர் சோறும் நிற்கும், அதனால் போதிய ஓய்வில்லாமல் திரும்பினார். 1957 மே மாதம் பலெர்மோவில், ஆட்டத்தின் நடுவில் பார்வை இருண்டுவிட்டது. இடது கண் 1930களின் கடைசியிலேயே விழித்திரை பிரிந்து போயிருந்தது. ஊருக்குத் தெரியாமல் வலது கண்ணை வைத்துத்தான் அத்தனை படமும் நடித்திருக்கிறார். இப்போது அதுவும் போய்விட்டது.

கூட நடித்துக்கொண்டிருந்தது அவருடைய துணைவி ஃபிராங்கா ஃபால்தினி. எனக்குத் தெரியவில்லை என்று மெல்ல அவரிடம் சொன்னாராம். அப்படியே காட்சியை முடித்திருக்கிறார். சபைக்கு ஒன்றும் விளங்கவில்லை, சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

எங்கள் ஐயா அன்றைக்கு அரங்கில் இல்லை. இருந்ததாகச் சொல்லிக்கொள்கிற பலெர்மோக்காரர்களை எல்லாம் உட்கார வைத்தால் பொலித்தெயாமா பத்துத் தடவை நிரம்பும் என்பார்.

பிறகு ஓரப் பார்வை கொஞ்சம் திரும்பியது, அவ்வளவுதான். கரிச்சான் தம்பி பார்த்த படங்கள் 1957க்குப் பிந்தியவை என்றால், அதில் ஓடி விழுந்து குதிக்கிற ஆளுக்கு எதிரில் நிற்பவரின் முகம் தெரியாது. படப்பிடிப்பில் கறுப்புக் கண்ணாடியோடு இருப்பார், காமிரா ஓடும்போது மட்டும் கழற்றுவார். மேஜை எங்கே, கதவு எங்கே என்பதெல்லாம் கணக்கில் இருக்கும். பின்னணிக் குரல் கொடுக்கத் திரையைப் பார்க்க வேண்டுமே, அதுதான் சிரமம். அதனால் சில படங்களில் கார்லோ குரோக்கோலோ என்ற நடிகர் அவர் குரலில் பேசியிருக்கிறார். எது எது என்று சரியாகக் கண்டுபிடிப்பதை இங்கே ஒரு விளையாட்டாகவே வைத்திருக்கிறார்கள்.

#5 | கரிச்சான்

அண்ணா, இது எனக்குத் தெரியாது. நான் பார்த்ததில் ஒன்று 1961ஆம் ஆண்டுப் படம், திரேவி நீரூற்றை ஒரு வெளிநாட்டுவாசியிடம் விற்பாரே, அது. அதில் நன்றாகப் பார்க்கிற ஆள் மாதிரிதான் இருந்தார். திரும்பப் பார்க்கிறேன்.

அவர் இளவரசர் என்று ஒரு இடத்தில் படித்தேன். அது நிஜமா, விளம்பரத்துக்கா?

#6 | டூரிங் டாக்கீஸ்

நிஜமும்தான், கொஞ்சம் கூத்தும்தான்.

அப்பா பெயர் இல்லாமல் வளர்ந்த பையன் அல்லவா. 1933இல் பிரான்செஸ்கோ மரியா கலியார்தி ஃபோகாஸ் என்ற வாரிசில்லாத பிரபு ஒருவர் இவரைத் தத்து எடுத்துக்கொண்டார். பதிலுக்கு இவர் அந்தப் பெரியவருக்கு ஆயுள் முழுக்க மாதப்படி கொடுக்க வேண்டும். அதாவது பட்டம் தவணை முறையில் வந்தது. சொந்த அப்பா பெயரும் பிறகு சட்டப்படி சேர்ந்துகொண்டது. 1940களில் நேப்பிள்ஸ் நீதிமன்றத்தில் வழக்காடி, பைசாந்தியப் பேரரசின் வாரிசு என்ற உரிமையையும் வாங்கினார். முழுப் பெயர் இது: அந்தோனியோ கிரிஃபோ ஃபோகாஸ் ஃபிளாவியோ ஆஞ்செலோ தூகாஸ் கொம்னேனோ பொர்ஃபிரோஜெனித்தோ கலியார்தி தே குர்திஸ் தி பிசாந்த்சியோ. அதன் பிறகு கான்ஸ்டான்டிநோபிள் இளவரசர், மாசிடோனியக் கோமகன் என்று பட்டங்கள் தனி.

படங்களில் பட்டப்பெயர் பைத்தியங்களைக் கிழித்துத் தொங்கவிட்ட மனிதர். வீட்டில் வேலைக்காரர்கள் 'பிரின்சிபே' என்றுதான் கூப்பிட வேண்டும். தே குர்திஸ் வேறு, தொத்தோ வேறு என்று பிரித்தே வைத்திருந்தார். தொத்தோ சம்பாதிக்கிறான், தே குர்திஸ் சாப்பிடுகிறார் என்ற கணக்கு.

இதில் விசேஷம் என்னவென்றால், அதே மனிதர்தான் 'ஆ லிவெல்லா' என்ற கவிதையையும் எழுதினார். நேப்பிள்ஸ் வட்டார மொழியில், 1964இல் புத்தகமாக வந்தது. தலைப்புக்கு நம் கொத்தனார் சொல்லும் ரசமட்டம் என்று பொருள். கல்லறைத் திருநாளன்று ஒருவர் இடுகாட்டில் அடைபட்டுவிடுகிறார். நள்ளிரவில் இரண்டு ஆவிகள் சண்டை போடுகின்றன. ஒன்று ஒரு மார்க்கி பிரபு, இன்னொன்று தெரு கூட்டும் ஜென்னாரோ. என் சமாதிக்குப் பக்கத்தில் உன்னை எப்படிப் புதைக்கலாம், நாறுகிறாய், எழுந்து போ என்கிறார் பிரபு. ஜென்னாரோ முதலில் பணிவாகத்தான் பேசுகிறான். என்னை நானேவா புதைத்துக்கொண்டேன் என்கிறான். அப்புறம் பொறுமை போய்விடுகிறது. சாவு என்பது ரசமட்டம், இந்த வேடமெல்லாம் உயிரோடு இருப்பவர்களுக்கு என்று வெட்டிப் பேசுகிறான்.

எழுதியவர் பாதி பிரபு, பாதி ஜென்னாரோ. அதனால்தான் இரண்டு குரலும் அவ்வளவு சரியாக விழுந்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

அரசியலிலும் வாய் சும்மா இருக்காது. 1958இல் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் திடீரென்று 'லௌரோ வாழ்க' என்று கத்திவிட்டார். லௌரோ என்பவர் நேப்பிள்ஸின் கப்பல் முதலாளி, முடியாட்சிக் கட்சிக்காரர். அரசுத் தொலைக்காட்சி அதோடு கதவைச் சாத்திவிட்டது. திரும்ப அழைத்தது 1965இல், பாடகி மீனாவின் நிகழ்ச்சிக்கு.

#7 | மீனாட்சி_தெரு

சார், நல்ல விஷயம் எல்லாம் நீங்கள் சொல்லிவிட்டீர்கள். மற்றதையும் சொல்லத்தானே வேண்டும்.

லிலியானா கஸ்தன்யோலா என்ற பாடகி. 1929 கடைசியில் நேப்பிள்ஸில் பழகினார்கள். சில மாதம்தான். தொத்தோ வேறு ஊரில் வேறு கம்பெனிக்கு ஒப்பந்தம் போட்டுக் கிளம்பத் தயாரானார். 1930 மார்ச்சில் லிலியானா தன் உயிரை மாய்த்துக்கொண்டார். தொத்தோ அவரைத் தன் குடும்பக் கல்லறையிலேயே அடக்கம் செய்தார். 1933இல் பிறந்த மகளுக்கும் லிலியானா என்றே பெயர் வைத்தார். இதை இத்தாலியில் பெரிய காதல் காவியமாக எழுதுகிறார்கள். எனக்கு அப்படிப் படிக்க முடியவில்லை. அந்தப் பெண் பாடிய மேடை, அவளுக்கு இருந்த பெயர் எல்லாம் போய், இவர் கதையில் ஒரு சோக அத்தியாயமாக மட்டும் நின்றுவிட்டாள்.

மனைவி தியானாவை 1935இல் மணந்து, 1939இல் சட்டப்படி பிரிந்து, அப்புறமும் மகளுக்காகப் பல வருடம் ஒரே வீட்டில் இருந்தார்கள். காரணம், இவருடைய சந்தேக புத்தி. 1951இல் 'மலஃபெம்மெனா' என்ற பாட்டை எழுதி இசையமைத்தார், இன்றைக்கும் நேப்பிள்ஸில் பாடாத ஆளில்லை. தியானாவை நினைத்து எழுதியது என்று மகள் சொல்லியிருந்தார். நடிகை சில்வானா பம்பனீனியை நினைத்து என்று வேறு சிலர். யாரை நினைத்திருந்தாலும் சரி, 'கெட்ட பெண்' என்று தலைப்பு. தப்பு யார் பேரில் என்று அந்தப் பெண்ணைத்தானே கேட்க வேண்டும்?

ஃபிராங்காவை ஒரு வாரப் பத்திரிகை அட்டையில் பார்த்து மலர்க்கொத்து அனுப்பினார். அவளுக்கு 21, இவருக்கு 54. கல்யாணம் செய்துகொள்ளவில்லை, கடைசி வரை கூட இருந்தார்கள். 1954இல் பிறந்த ஆண் குழந்தை சில மணி நேரம்தான் உயிரோடு இருந்தது. அதே ஆண்டில்தான் அவருடைய மிகப் பெரிய சிரிப்புப் படமும் வந்தது.

#8 | தோல்பாவை

இந்த மன்றத்தில் அதிகம் எழுதுவதில்லை, வாசிப்பதோடு சரி. ஆனால் எல்லாரும் வாய்ச்சொல்லையே பேசுகிறீர்கள். மொழி தெரியாத எனக்கு அவர் உடம்பு போதும்.

தொடக்கக் காலத்தில் குஸ்தாவோ தே மார்கோ என்ற நேப்பிள்ஸ் மேடைக் கலைஞரை அப்படியே காப்பியடித்துத்தான் தொத்தோ பிழைத்தார். தே மார்கோவின் தனித்திறம் கயிற்றுப் பொம்மை போல ஆடுவது. தொத்தோ அதைத் தாண்டிப் போய்விட்டார். கழுத்து ஒரு பக்கம் சறுக்கும், தாடை எதிர்ப்பக்கம் போகும், தோள் இரண்டும் தனித்தனிக் கயிற்றில் தொங்கும். நான் பாவைக்கூத்து ஆட்டுகிறவன். ஒரு பொம்மைக்கு உயிர் வந்ததுபோலக் காட்டுவது எங்கள் வேலை. உயிருள்ள உடம்பிலிருந்து உயிரை எடுத்துக் காட்டுவது அதைவிடக் கஷ்டம். எலும்பு சொன்னதைக் கேட்கக் கூடாது.

1952இல் வந்த 'தொத்தோ ஆ கொலோரி', இத்தாலியின் முதல் வண்ணப் படங்களில் ஒன்று. அதன் முடிவில் துரத்துகிறவர்களிடமிருந்து தப்பிக்க பொம்மலாட்ட மேடைக்குள் புகுந்து பொம்மைகளோடு பொம்மையாக நிற்பார். ஆடுவார். கடைசியில் கயிறு தளர்ந்ததும் ஒவ்வொரு மூட்டாகச் சரிந்து விழுவார். அந்தச் சரிவை மட்டும் வேகம் குறைத்து எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை. முதலில் மணிக்கட்டு, அடுத்து முழங்கை, கழுத்து கடைசியில். நிஜப் பொம்மை அப்படித்தான் விழும். தலைக்கயிற்றைத்தான் கடைசியில் விடுவோம்.

அவர் உயிரோடு இருந்தபோது நடித்த கடைசிப் படங்களில் ஒன்று இயக்குநர் பசோலினியின் குறும்படம், 'மேகங்கள் என்றால் என்ன?' என்று தலைப்பு. அவர் போன பிறகு, 1968இல் வெளிவந்தது. அதிலும் கயிற்றுப் பொம்மைதான். ஒதெல்லோ நாடகம், இவர் இயாகோ, முகமெல்லாம் பச்சை. நிநெத்தோ தாவோலி ஒதெல்லோ. சபையில் இருந்தவர்கள் கோபப்பட்டு மேடையேறி இரண்டு பொம்மையையும் பிய்த்துப் போடுகிறார்கள். குப்பை வண்டிக்காரர் பாடிக்கொண்டே கொண்டுபோய்க் கொட்டுகிறார். மல்லாந்து கிடக்கிற பொம்மைகள் முதல் தடவையாக ஆகாயத்தைப் பார்க்கின்றன. அது என்ன என்று ஒன்று கேட்க, மேகம் என்று இன்னொன்று சொல்கிறது.

ஏறக்குறைய பார்வையில்லாத மனிதர் சொல்கிறார், அந்த வசனத்தை.

#9 | கரிச்சான்

சரி, இதுதான் என் கேள்வியும். பசோலினி, மோனிச்செல்லி மாதிரி பெரிய இயக்குநர்கள் கையில் கிடைத்த நாலைந்து படத்தில்தானே அவர் நிற்கிறார்? மற்ற தொண்ணூறும் வீண்தானே?

#10 | டூரிங் டாக்கீஸ்

இல்லை, தம்பி. பசோலினிக்குக் கிடைத்த தொத்தோவை அந்தத் தொண்ணூறுதான் செய்து கொடுத்தது. அதற்கும் முன்னால் மேடை.

1930களில் சினிமாக் கொட்டகைகளில் படம் போடும் முன்பு மேடை நிகழ்ச்சி நடக்கும், அவான்ஸ்பெத்தாகொலோ என்பார்கள். சனம் படம் பார்க்க வந்த சனம். பிடிக்காவிட்டால் கையில் இருப்பது பறந்து வரும். அங்கே சொந்தக் கம்பெனி நடத்தினார். போர்க்காலத்தில் மிகேலே கல்தியேரி எழுதிய பெரிய ரெவ்யூக்களில் அன்னா மஞ்ஞானியோடு ஆடினார். ஜெர்மன் படை ரோமில் இருந்தபோது ஒரு ரெவ்யூவின் தலைப்பே ஜெர்மானியர்களைக் குத்துவதாகப் பட்டு மாற்ற வேண்டியிருந்தது. கைது செய்யப் போகிறார்கள் என்று தகவல் வந்து தலைமறைவாகவும் இருந்தார்.

அவருக்கு எதிரில் நிற்கும் ஆள் மாரியோ கஸ்தெல்லானி. நேரான முகத்தோடு கேள்வி கேட்டு, சிரிப்பை எடுத்துக் கொடுக்கிற ஆள். அங்கே அவரை 'ஸ்பல்லா', அதாவது தோள் என்கிறார்கள். ரயில் படுக்கைப் பெட்டிக் காட்சி என்று ஒன்று. 1947 ரெவ்யூவில் பத்து நிமிஷத் துணுக்காகத் தொடங்கியது. கஸ்தெல்லானி ஒரு நாடாளுமன்ற உறுப்பினர், பெயர் திரொம்பெத்தா, சின்ன ஊதுகொம்பு என்று பொருள். அப்படியென்றால் உங்கள் அப்பா அந்தப் பெரிய கொம்புதானே என்று ஆரம்பிப்பார் தொத்தோ. பெரிய கொம்புக்கு அந்த மொழியில் வெட்டிப் பேச்சுக்காரன் என்றும் பொருள். ஒவ்வொரு இரவும் ஒன்று சேர்ந்து சேர்ந்து, துணுக்கு முக்கால் மணி நேரத்துக்கு மேல் வளர்ந்துவிட்டது. 'ஆ கொலோரி' படத்தில் இருப்பது அதன் சுருக்கம்தான். இதை எந்த இயக்குநர் சொல்லிக் கொடுப்பார்?

விமர்சகர்கள் முகம் சுளித்தது நிஜம். ஆனால் எப்போதும் அப்படி இல்லை. 1951இல் ஸ்தேனோவும் மோனிச்செல்லியும் எடுத்த 'குவார்தியே எ லாத்ரி' படத்துக்கு வெள்ளி நாடா விருது கொடுத்தார்கள். பசோலினியின் 'உச்செல்லாச்சி எ உச்செல்லீனி' படத்துக்கு மறுபடி அதே விருது, 1966 கான் விழாவில் சிறப்புக் குறிப்பும் சேர்ந்தது. நடுவில் 'தொத்தோவும் கரோலினாவும்' படத்தைத் தணிக்கைக்காரர்கள் வெட்டி வெட்டி 1955இல்தான் வெளியே விட்டார்கள். அதில் அவர் போலீஸ்காரர். போலீஸை இரக்கமும் தடுமாற்றமும் உள்ள ஏழை மனிதனாகக் காட்டியது அவர்களுக்குப் பொறுக்கவில்லை.

மோசமான படங்கள் இருக்கின்றன, மறுக்கவில்லை. வாய்ப்பு வந்ததையெல்லாம் ஒப்புக்கொண்டார். கையில் நிற்காமல் செலவு செய்தார். தெருநாய்களுக்கென்று ஒரு காப்பகம் கட்டி இருநூறுக்கு மேல் வைத்துச் சோறு போட்டார், அதுவும் இந்தப் படங்களின் காசுதான்.

#11 | பலெர்மோவாசி

முடிவைப் பற்றி யாரும் எழுதவில்லை, நான் எழுதுகிறேன்.

1967 ஏப்ரல் 15, விடியற்காலை, ரோமில். மாரடைப்பு. வயது 69. அதற்கு இரண்டு நாள் முன்னால் நன்னி லோய் படம் ஒன்றுக்குப் படப்பிடிப்பில் இருந்தார். எடுத்தது ஒரு சவ ஊர்வலக் காட்சி. அந்த வேடத்தைப் பிறகு உகோ தொன்யாத்சி செய்தார்.

முதல் சடங்கு ரோமில். அன்றைக்கே உடலை நேப்பிள்ஸுக்குக் கொண்டு போய் கார்மினே தேவாலயத்தில் இரண்டாவது. லட்சக்கணக்கில் சனம் திரண்டது, கண்ணாடி உடைந்தது, ஆட்கள் மயங்கி விழுந்தார்கள். பெட்டியின் மேல் அந்தப் பழைய பௌலர் தொப்பியை வைத்திருந்தார்கள். நீனோ தரந்தோ என்ற சக நடிகர் பேசினார்.

அப்புறம் சனிதாக்காரர்களுக்கு மனக்குறை. எங்கள் தெருப் பிள்ளை, எங்கள் தேவாலயத்தில் ஒன்றும் நடக்கவில்லையே என்று. ஒரு மாதம் கழித்து அந்தப் பகுதியின் சண்டியர் ஒருவர் முன்னின்று மூன்றாவது சடங்கு நடத்தினார். உடல்தான் ஏற்கெனவே புதைத்தாயிற்றே? வெறும் பெட்டியை வைத்து நடத்தினார்கள். சனம் வெறும் பெட்டிக்கு முன்னால் நின்று நிஜமாகவே அழுதது.

இதை ஐயாவிடம் கேட்டேன். பெட்டி வெறுமை என்று எல்லாருக்கும் தெரியுமா என்று. தெரியும், அதனால் என்ன, வேலை நடக்க வேண்டுமே என்றார்.

#12 | மீனாட்சி_தெரு

கரிச்சான், மொழி தடுக்கிறது என்றால் 1954இல் வந்த 'மிசேரியா எ நொபில்தா' எடுத்துப் பாருங்கள். ஸ்கர்பெத்தாவின் பழைய நேப்பிள்ஸ் நாடகம், மாத்தோலி இயக்கம், சின்ன வயது சோபியா லாரன் இருக்கிறார். ஸ்பகெட்டிக் காட்சிக்கு சப்டைட்டிலே தேவையில்லை. சத்தத்தை நிறுத்திவிட்டுக்கூடப் பார்க்கலாம்.

#13 | கரிச்சான்

பார்த்தேன். நேற்று இரவு, அம்மாவும் பக்கத்தில் இருந்தார். சாதாரணமாக இந்த மாதிரிப் பழைய வெளிநாட்டுப் படம் போட்டால் எழுந்து போய்விடுவார்.

இரண்டு குடும்பம் ஒரே வீட்டில், பட்டினி. திடீரென்று யாரோ சமையற்காரர்களை அனுப்பி மேஜை விரித்து, ஆவி பறக்கும் ஸ்பகெட்டியை நடுவில் வைத்துவிட்டுப் போகிறார்கள். யாரும் பேசவில்லை. சுவரோரம் உட்கார்ந்திருப்பவர்கள் நாற்காலியோடு ஒவ்வோர் அங்குலமாக மேஜையை நோக்கி நகர்கிறார்கள். நாங்களும் பேசவில்லை. அப்புறம் பாய்ந்தார்கள். தொத்தோ மேஜை மேலேயே ஏறி நின்று, இரண்டு கையாலும் அள்ளி வாயில் திணிக்கிறார். அம்மா கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்.

அடுத்து அவர் ஸ்பகெட்டியை அள்ளி அள்ளிக் கோட்டுப் பைக்குள் போட ஆரம்பித்தார். ஆடிக்கொண்டே. நான் அங்கேதான் அதிகம் சிரித்தேன். அம்மா சிரிப்பதை நிறுத்திவிட்டார். கொஞ்ச நேரம் கழித்து, "நாளைக்கு எடுத்து வைக்கிறான்டா" என்றார்.

அவர் சிறு வயதில் எப்படி இருந்தார் என்பது எனக்கு அரைகுறையாகத்தான் தெரியும். அதற்கு மேல் கேட்கவில்லை. படம் முடிந்ததும், இந்த ஆள் நடித்தது வேறு ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார். சார், அடுத்து எதைப் போடட்டும்?

#14 | டூரிங் டாக்கீஸ்

'குவார்தியே எ லாத்ரி' போடுங்கள். தொத்தோ திருடன், அல்தோ ஃபப்ரீத்சி தொந்தி போலீஸ்காரர். ரோமப் பேரரசுக் காலத்து நாணயம் என்று சொல்லி ஒரு அமெரிக்கரை ஏமாற்றிவிட்டு ஓடுவார். நகரத்துக்கு வெளியே வெட்டவெளி வரை துரத்தல். இரண்டு பேருக்கும் மூச்சு வாங்குகிறது, இரண்டு பேராலும் இனி முடியாது. கொஞ்ச தூரத்தில் நின்று, கொஞ்சம் இளைப்பாறலாமா என்று பேரம் பேசுவார்கள். அந்த இடத்தில் அம்மா என்ன சொல்கிறார் என்று வந்து எழுதுங்கள்.